மேளத்துக்கு அடியில்

விடிந்ததும் பரிதி எழுந்தான். பால் பாக்கெட்டைக் கத்தரித்துப் பாத்திரத்தில் ஊற்றி அடுப்பில் வைத்தான். அது பொங்குவதற்குள் பல் துலக்கினான். காபி கலந்து நின்றபடியே குடித்தான். அரிசியைக் களைந்து குக்கரில் போட்டான். ஹெட்ஃபோனை மாட்டினால் விசில் கேட்காது. அதனால் அடுப்புக்கு எதிரில் நாற்காலியை இழுத்துப் போட்டு, ஆவியைப் பார்த்தபடி ஒரு பாட்டுக் கேட்டான்.

தினமும் ஒரு பாட்டு. தார்ப்பாய் இசைக்குழுவின் இரண்டு ஆல்பங்களை வரிசையாகக் கேட்பான். முடிந்தால் மறுபடி முதலிலிருந்து. லாஸ்லெஸ் எனப்படுகிற இழப்பில்லாப் பதிவில்தான் கேட்பான். எம்பி3யில் பாட்டு இருக்கும், மெர்லின் இருக்க மாட்டாள். அவள் மூச்சை இழுப்பது, கிதார் வாரைத் தோளில் ஏற்றிவிடுவது, வரி மறந்தால் நாக்கைச் சொடுக்குவது எல்லாம், கோப்பைச் சுருக்கும்போது காதுக்குத் தேவையில்லை என்று கணினி கழித்துவிடுகிற விஷயங்கள். இழப்பில்லாப் பதிவு எதையும் கழிக்காது.

தார்ப்பாய் இரண்டே பேர் கொண்ட ராக் இசைக்குழு. பாட்டும் கிதாரும் மெர்லின். டிரம்ஸ் அவள் அண்ணன் ஆன்டோ. பரிதி அவள் கணவன். பதிவு செய்ய லேப்டாப்பைத் திறந்து வைப்பதும் சாப்பாடு வாங்கி வருவதும் அவன் வேலை. போன கோடையில், ராயபுரத்தில் மூடிக் கிடந்த ஓர் ஐஸ் ஃபேக்டரியில் மூன்றாவது ஆல்பத்தைத் தொடங்கினார்கள். முதல் நாளே மின்சாரம் தாக்கி மெர்லின் செத்துப்போனாள். பரிதி அப்போது பிரியாணிக் கடை வரிசையில் நின்றுகொண்டிருந்தான்.

அந்த நாளின் பதிவை அவன் இன்னும் கேட்கவில்லை.

குக்கரை இறக்கினான். தயிர் சாதம் பிசைந்து டப்பாவில் அடைத்தான். பையை மாட்டிக்கொண்டு படியிறங்கினான்.

கீழே டில்லிபாபு பைக்கில் சாய்ந்து நின்றிருந்தான்.

"இன்னா சார், போன எடுக்க மாட்டேன்ற?"

"வேலை."

"எனுக்குந்தான் வேல. நாளிக்கி கோர்ட்டு. தெரியும்ல?"

தெரியும். டில்லிபாபு வியாசர்பாடியில் சவுண்ட் சர்வீஸ் நடத்துகிறவன். அன்றைக்கு மைக், ஸ்பீக்கர், மின்சாரம் பிரித்துக் கொடுக்கிற ஜங்ஷன் பாக்ஸ் எல்லாம் அவனுடையவை. கசிகிற மின்சாரம் ஆளைத் தாக்காமல் தரைக்குள் இறக்கிவிடுகிற எர்த் ஒயர் அந்தப் பெட்டிக்குள் கழன்று கிடந்ததைப் போலீஸ் கண்டுபிடித்தது. பெட்டி யாருடையதோ அவன்தான் கழற்றியிருப்பான் என்று வழக்குப் போட்டார்கள்.

"நான் கழட்டல சார். மெர்லின் அக்காவோட கிதார் ஆம்ப் பழசு. ஆன் பண்ணா 'ங்ங்ங்'னு இரைச்சல். எர்த்த எடுத்தா இரைச்சல் போயிடும், ஃபீல்டுல பாதி பேரு அத்ததான் பண்றான். நானே பண்ணிகிறேன், இல்லேன்ல. ஆனா அன்னிக்கி பண்ணல. வேற பாக்ஸ் எடுத்தாரேன்னு வண்டிய எடுத்துகினு போனேன். திரும்பி வந்தா…" கன்னத்தைத் தேய்த்துக்கொண்டான். "அந்த லேப்டாப்ல லாஸ்லெஸ் இருக்குல்ல சார்?"

"எம்பி3தான் இருக்கு. கோர்ட்ல குடுத்தாச்சு."

"எம்பி3ல இன்னா இருக்கும்? சக்கதான் இருக்கும். பேசுனது எதுவும் இருக்காது." பரிதியின் முகத்தையே பார்த்தான். "எங்க வூட்ல கேக்குறா, அந்த சாருக்கு உன் மேல இன்னா கோவம்னு. நான் இன்னா சொல்லட்டும்? கரண்ட்ல ஆளக் கொன்னவன்னு பேரு வந்துச்சுன்னா, கருமாதிக்குக் கூட எவனும் மைக் கட்டக் கூப்ட மாட்டான் சார்."

தெருமுனையில் ஆன்டோவின் கார் திரும்பியது. டில்லிபாபு பைக்கை உதைத்தான்.

"வந்துட்டாரு பாரு உன் மச்சான். கைப்புள்ளையக் கூட்டினு போற மாரி."

காரில் ஏசி ஓடியது. பாட்டு ஓடவில்லை. இப்போதெல்லாம் யாரும் பாட்டுப் போட்டுக்கொண்டு பேசுவதில்லை. ஆன்டோவின் விரல்கள் மட்டும் ஸ்டீயரிங்கில் தாளம் போட்டுக்கொண்டிருந்தன. அவன் கை சும்மா இருந்து பரிதி பார்த்ததில்லை.

"வக்கீல் ரெடியா இருக்காரு. 'லாஸ்லெஸ் அழிஞ்சுடுச்சு, எம்பி3தான் மிச்சம்'னு ஒரு உறுதிமொழி. ஒரு கையெழுத்து, முடிஞ்சுது. டில்லி என்ன சொன்னான்?"

"அவன் கழட்டலையாம்."

"வேற என்ன சொல்வான்?"

"கழட்டலன்னா?"

"மச்சான், இங்க பாரு. கோர்ட்டுக்குப் போனா அது பொது ஆவணம். எவன் வேணா எடுத்துக் கேப்பான். நம்ம ஃபர்ஸ்ட் ஆல்பத்த என்ன பண்ணானுங்க? அடியொலின்னு ஒரு ஆப் வந்துச்சு, என் டிரம்ஸ உரிச்சு எடுத்துட்டு, அதுக்கு அடில மெர்லின் 'பசிக்குதுடா சாமி'ன்னு முனகினத கண்டுபுடிச்சானுங்க. அத டீ-ஷர்ட்ல போட்டு வித்தானுங்க. அவளே ஒண்ணு வாங்கிப் போட்டுக்கிட்டா, அது வேற விஷயம்." ஆன்டோ சிரிக்கப் பார்த்தான், வரவில்லை. "இப்ப அவ செத்தத எடுத்தா எதுல போடுவானுங்க?"

பரிதிக்கும் அந்தப் பயம்தான். கையெழுத்துப் போட ஒப்புக்கொண்டதே அதனால்தான்.

தங்கசாலை சிக்னலில் கார் நின்றது. பரிதி இந்த ஒரு வருடமாகக் கேட்டுவருகிற கேள்வியை மறுபடி கேட்டான்.

"கடைசியா அவ என்ன சொன்னா?"

"ஒண்ணும் சொல்லல. எத்தன தடவ கேப்ப?"

விரல்கள் நின்றுவிட்டன.

பரிதி அந்தக் கைகளைப் பார்த்தான். எர்த் ஒயரைக் கழற்ற ஒரு ஸ்க்ரூ டிரைவர் போதும். டில்லிபாபு சொல்வது உண்மையானால், அந்த இடத்தில் அப்போது இருந்தவர்கள் இரண்டே பேர்.

"மச்சான், நீ கழட்டினியா?"

"நான் கழட்டல."

"அப்ப யாரு?"

"கையெழுத்துப் போடு மச்சான். என்ன எதுவும் கேக்காத. ப்ளீஸ்."

பின்னால் ஆட்டோ ஹாரன் அடித்தது. பரிதி கதவைத் திறந்து இறங்கினான். ஆன்டோ கூப்பிடக் கூப்பிட, நடைபாதையில் ஏறி பாரிமுனைப் பக்கம் நடந்தான். அந்த நாளின் இழப்பில்லாப் பதிவு அடங்கிய ஹார்ட் டிஸ்க் பையில் இருந்தது. ஒரு வருடமாகத் தயிர் சாத டப்பாவோடு அதுவும் தினம் ஆபீசுக்குப் போய் வருகிறது.

கோர்ட்டுக்கு எதிரில், ஜெராக்ஸ் கடைக்கு மேல்மாடியில், பதிவுகளுக்கு அடியில் புதைந்த பேச்சைப் பிரித்தெடுக்கிற ஒலி மீட்பகம். வாசலில் 'செருப்பையும் பேச்சையும் வெளியே விடவும்' என்று யாரோ குறும்பாக எழுதி ஒட்டியிருந்தார்கள். உள்ளே சுவரெங்கும் பஞ்சுப் பலகை. மீட்பாளர் ஹேமலதா ஐம்பதை நெருங்குகிறவர். கோர்ட் அங்கீகாரம் பெற்றவர். வழக்கு எண்ணைக் கேட்டதும் நிமிர்ந்தார்.

"நீங்கதான் வீட்டுக்காரரா? எம்பி3 மட்டும்தான் இருக்குன்னு சொன்னாங்களே."

பரிதி டிஸ்க்கை மேசையில் வைத்தான். அவர் அதைத் தொடவில்லை.

"உக்காருங்க தம்பி. முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். நான் இத தொறந்து உங்களுக்குக் கேக்க வச்சுட்டா, கோர்ட்டுக்குக் குடுத்தே ஆகணும். கேட்டுப் பாத்துட்டு வேண்டாம்னு எடுத்துட்டுப் போக முடியாது. சட்டம் அப்படி."

"முன்னாடி கேக்க வழியே இல்லையா?"

"இருந்துச்சு. எல்லாரும் கேட்டுட்டு, தனக்குத் தோதா இருந்தா குடுத்தாங்க, இல்லன்னா அழிச்சாங்க. அதான் மாத்திட்டாங்க." சற்று யோசித்தார். "உங்களுக்குக் கல்யாணத்துல கெட்டிமேளம் உண்டா?"

"சர்ச்சுல நடந்துது."

"எங்கள்ல தாலி கட்டறப்ப கெட்டிமேளம் எதுக்குக் கொட்டறாங்க? கூட்டத்துல யாராவது ஏடாகூடமா வாய விட்டாலும் காதுல விழக் கூடாதுன்னு. இவ்வளவு காலமா அது வேல செஞ்சுது. இப்ப கல்யாண வீடியோவ லாஸ்லெஸ்ல எடுத்துட்டு வராங்க, மேளத்த எடுங்க, அடில எங்க மாமியார் என்ன சொன்னாங்கன்னு பாக்கணும்ங்கறாங்க. நானும் எடுத்துக் குடுக்கறேன். போன மாசம் மட்டும் எத்தன குடும்பம் இந்தப் படியில அழுதுட்டே எறங்கிச்சு தெரியுமா? சொன்னவங்களுக்கு சொன்னதே ஞாபகம் இல்ல. அது எப்பவோ போற போக்குல சொன்னது. எங்க வீட்டுல டிவி ஓடறப்ப நாங்க வாயே தொறக்கறதில்ல."

"அது பொய் சொல்லுமா மேடம்?"

"ரெண்டு விதமா ஓட்டலாம். இருக்கறத மட்டும் எடுக்கறது ஒண்ணு. இல்லாத இடத்துல, இவங்க இப்படித்தான் பேசியிருப்பாங்கன்னு அதுவே நிரப்பறது இன்னொண்ணு. ரசிகர்கள் நிரப்பித்தான் கேப்பாங்க, அதுதான் சுவாரசியம். கோர்ட்டுக்கு இருக்கறது மட்டும்தான். அதுல பொய் இல்ல." டிஸ்க்கைப் பார்த்தார். "அதனாலதான் கேக்கறேன். வேணுமா?"

டில்லிபாபுவுக்காக என்று சொல்லிக்கொண்டால் நன்றாக இருந்திருக்கும். அவன் உள்ளே போய்விடுவான் என்பதும் உண்மைதான். ஆனால் பரிதிக்கு அந்த நிமிடத்தில் கண்ணெதிரே நின்றது ஸ்டீயரிங்கில் ஓய்ந்துபோன விரல்கள் மட்டும்தான்.

"எடுங்க" என்றான்.

ஹேமலதா கோப்பைத் திறந்து கருவியில் ஏற்றிக்கொண்டிருந்தபோது, ஆன்டோ மூச்சு வாங்க மாடியேறி வந்தான். திரையில் ஓடிய பச்சைக் கோட்டைப் பார்த்ததும் கதவருகிலேயே நின்றான்.

"யாரு இவரு?" என்றார் ஹேமலதா.

"அவ அண்ணன்."

"உள்ள வந்து உக்காருங்க. பேசக் கூடாது."

ஆன்டோ உட்கார்ந்தான். கைகளைத் தொடைகளுக்கு அடியில் வைத்துக்கொண்டான்.

முதலில் இரைச்சல்தான் வந்தது. டில்லிபாபு சொன்ன அதே 'ங்ங்ங்'. ஹேமலதா ஒரு விரலைத் தூக்கிக் காட்டினார். "இதக் கவனிங்க. எர்த் இருக்கற வரைக்கும் இது இருக்கும். இது எப்ப நிக்குதோ, அப்ப எர்த் போச்சு. அந்த நேரத்துல பெட்டி பக்கத்துல யாருன்னு பாத்தா போதும்."

ஐஸ் ஃபேக்டரி அந்தச் சின்ன அறைக்குள் விரிந்தது. வெறும் சிமெண்ட் சுவர்களில் முட்டித் திரும்புகிற எதிரொலி. இரும்பு ஷட்டர். எங்கோ சொட்டுகிற தண்ணீர். பரிதிக்குத் தன் குரலே முதலில் கேட்டது.

"ரெக்கார்ட் ஓடிட்டு இருக்கு, யாரும் நிறுத்தாதீங்க. நான் சாப்பாடு வாங்கிட்டு வரேன். மெர்லின், இரைச்சல டில்லி பாத்துப்பான். நீ எதையும் நோண்டாத."

"சரிங்க ஆபீசர்."

அவள் குரல். ஆல்பத்தில் இருக்கிற குரல் இல்லை, வீட்டுக் குரல். பரிதி நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டான்.

அவன் செருப்புச் சத்தம் தேய்ந்து மறைந்தது. டில்லிபாபு என்னவோ உருட்டினான், தட்டினான். "பாக்ஸே சரியில்லக்கா. கடைக்குப் போய் வேற எடுத்தாரேன். அதுவரைக்கும் ஆம்ப ஆஃப் பண்ணி வைங்க." பைக் கிளம்பியது. சத்தம் தெருவில் கரைந்தது.

இரைச்சல் அப்படியே இருந்தது.

ஹேமலதா திரையில் ஒரு கோடு கிழித்தார். "டில்லிபாபு போயாச்சு. எர்த் இன்னும் இருக்கு. அந்தப் பையனுக்கு இது போதும். நாளைக்கே விட்டுடுவாங்க." பரிதியைப் பார்த்தார். "நிறுத்தட்டுமா? மிச்சம் கோர்ட்டுக்குத் தேவையில்ல."

"ஆனா அதுவும் ஃபைல்ல போகும்ல?"

"போகும். நான் எடுக்கலன்னா எவனாவது ரசிகன் எடுப்பான்."

"அப்ப ஓட்டுங்க."

"மச்சான்" என்றான் ஆன்டோ.

"பேசாதீங்க சார்."

டிரம்ஸ் தொடங்கியது. ஆன்டோ கை பழகிக்கொண்டிருந்திருக்கிறான். வெடி போட்டதுபோல அடி மேல் அடி. ஹேமலதா ஒரு திருகைத் திருப்பினார். டிரம்ஸ் தண்ணீருக்குள் மூழ்கியதுபோல அமுங்கியது. அதற்கு அடியிலிருந்து மற்றதெல்லாம் எழுந்து வந்தது. இரைச்சல். பாதம் இழுபடுகிற ஓசை. யாரோ முட்டி போட்டு உட்காருகிறார்கள். பிளாஸ்டிக் மூடி நெகிழ்கிறது. உலோகத்தில் உலோகம் உரசுகிறது.

டிரம்ஸ் நிற்கவே இல்லை. அடித்துக்கொண்டிருப்பவன் ஆன்டோ. அவனுக்கு இரண்டு கைகள்தான்.

பரிதிக்கு அது புரிய ஒரு கணம் ஆனது. திரும்பி ஆன்டோவைப் பார்த்தான். ஆன்டோ தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஒரு சின்ன ஸ்க்ரூ சிமெண்ட் தரையில் விழுந்து உருண்டது. "ச்சே" என்றாள் மெர்லின்.

இரைச்சல் நின்றது.

டிரம்ஸும் நின்றது. "ஏய், என்ன பண்ண?" ஆன்டோவின் குரல்.

"எப்படி இருக்கு? சுத்தமா இல்ல?"

"பெட்டியத் தொறந்தியா? லூசாடி நீ? மூடு, டில்லி வந்துடுவான்."

"அவன் வர்றதுக்குள்ள ஒரு டேக். ஒண்ணே ஒண்ணு. இந்த மாதிரி அமைதி கெடைக்காதுண்ணா. கேளேன், தண்ணி சொட்டறது கூட கேக்குது."

உண்மையிலேயே தண்ணீர் சொட்டுவது கேட்டது.

"ஒண்ணே ஒண்ணுதான்" என்றான் ஆன்டோ. ஒரு வருடத்துக்கு முந்தைய ஆன்டோ.

கிதார் வாரை அவள் தோளில் ஏற்றுகிற ஓசை. கம்பிகளை ஒருமுறை தடவிப் பார்த்தாள். ஆன்டோ தாளம் எண்ணுவதற்காகப் பித்தளைச் சிம்பலைத் தட்டினான். அதன் அதிர்வுக்குள் அவள் எதையோ சொன்னாள், வார்த்தை புரியவில்லை. குச்சிகள் ஒன்றோடொன்று மோதின. மைக்குக்கு அருகில் ஒரு மூச்சு உள்ளே இழுபட்டது.

ஹேமலதா கருவியை நிறுத்தினார்.

தெருவில் பஸ் போவதுகூட அந்த அறைக்குள் கேட்கவில்லை.

பரிதி கேட்டான். "ஏன் மச்சான்? டில்லி உள்ள போயிருப்பான்."

"தெரியும்."

"தெரிஞ்சுமா?"

"தெரு முக்குல நின்னு, அவளே கழட்டி அவளே செத்துட்டான்னு சொல்லச் சொல்றியா? ஊரெல்லாம் சிரிக்கவா?" ஆன்டோ கைகளைத் தொடைகளுக்கு அடியிலிருந்து எடுத்தான். "நானும்தானே சரின்னேன். ஒண்ணே ஒண்ணுன்னேன்ல. கேட்டல்ல?"

"என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்."

ஆன்டோ தலையை மட்டும் ஆட்டினான். சொல்லியிருக்கலாம் என்றா, முடியாது என்றா, தெரியவில்லை.

ஹேமலதா தொண்டையைச் செருமிக்கொண்டார். "மூச்சோட முடிஞ்சுடுது தம்பி. கரண்ட் ட்ரிப்பாகி பதிவே அங்க நின்னுடுச்சு, அதுக்கப்புறம் ஒண்ணும் இல்ல. நிரப்பறதுல விட்டா, பாட்டோட முதல் வரிய அவங்க குரல்லயே பாடிக் காட்டும். உங்க பேரச் சொல்லிக் கூப்பிடச் சொன்னா அதையும் செய்யும். நெறைய பேர் அத வாங்கிட்டுப் போறாங்க. நான் தப்பு சொல்ல மாட்டேன்."

"வேண்டாம்."

"அப்போ சிம்பலுக்கு அடில சொன்னாங்களே, அதான் அவங்க பேசினதுல கடைசி. அது இருக்கு. எடுத்துடலாம், கொஞ்சம் நேரம் ஆகும்."

ஆன்டோ எழுந்துவிட்டான். "அது மட்டும் வேண்டாம் மேடம். மச்சான், வேண்டாண்டா. இவ்வளவு கேட்டல்ல, போதும்டா."

"ஒரு வருஷமா உன்னக் கேட்டேன்" என்றான் பரிதி. "ஒண்ணும் சொல்லலன்ன."

"ஆமா."

"எடுங்க மேடம்."

ஆன்டோ கதவுவரை போனான். கதவைத் திறக்கவில்லை. நெற்றியைப் பஞ்சுப் பலகையில் வைத்துக்கொண்டு, முதுகைக் காட்டி நின்றான்.

கருவி ஓடியது. சிம்பலின் அதிர்வு இழை இழையாகப் பிரிந்து விலகியது. முதலில் ஒரு சிரிப்பு வெளியே வந்தது, மாட்டிக்கொள்ளப் போகிற பிள்ளையின் சிரிப்பு. பிறகு, பக்கத்தில் இருக்கிற அண்ணனுக்கு மட்டும் கேட்கிற மாதிரி, தணிந்த குரலில்:

"பரிதி வந்து கேட்டான்னா சொல்லிடாதண்ணா. திட்டுவான்."